நான்கு விநாடி இடைவெளி

பூனாவின் நகைச்சுவை வரலாறு எழுதப்படுமானால் அதில் இருதயராஜுக்கு ஓர் அத்தியாயமும், அவருடைய கைக்குட்டைக்கு ஒரு பின்னிணைப்பும் ஒதுக்கியாக வேண்டும்.

கட்கி வெடிமருந்துத் தொழிற்சாலையில் ஸ்டோர் கிளார்க் அவர். அங்குள்ள தமிழர்களின் கிறிஸ்துமஸ் நாடகங்களில் கூட்டத்தைச் சிரிக்கவைத்துக் கெட்ட பெயர் எடுத்திருந்தார். 1996இல் உள்ளூர் கேபிள் சேனல் ஒன்று, வாரம் அரைமணி நேர மராத்தி நகைச்சுவைத் தொடருக்கு ஆள் தேடியது. வேறு யாரும் அகப்படாத ஒரே காரணத்தால் இவர் இயக்குநரானார்.

தொடருக்குச் சிரிப்பொலி வேண்டும். சேனலிடம் இருந்த ஒரே சிரிப்பு நாடாவில், நடுவே யாரோ இருமிக்கொண்டிருந்தார். ஆகவே சிரிப்பு விஷ்ராந்த்வாடியில், இருதயராஜ் வீட்டு ஹாலிலேயே உற்பத்தியாயிற்று. ஞாயிறு பூசை முடிந்து வந்ததும் மனைவி ஜோசபின், எதிர்வீட்டு மங்கையர்க்கரசி, ஸ்டோர் அதிகாரி ஜம்புநாதன் உட்பட ஏழு பேர் பாயில் உட்காருவார்கள். சத்தம் பதிவாகாமலிருக்க ஃபேன் நிறுத்தப்படும். இருதயராஜ் கைக்குட்டையை உயர்த்தினால் சிரிக்க வேண்டும், இறக்கினால் நிறுத்த வேண்டும். எதற்குச் சிரிக்கிறோம் என்று யாரும் கேட்டதில்லை. மங்கையர்க்கரசியின் சிரிப்பு ஆளந்தி ரோடு வரை கேட்கும். ஜம்புநாதனின் சிரிப்பு எப்போதும் இரண்டு விநாடி தாமதமாக வரும். அவரிடம் போன கோப்புகளும் அப்படித்தான். ஆளுக்கொரு வடாபாவும் டீயும் கொடுத்து அனுப்புவார் ஜோசபின்.

நடிகர்களுக்கும் பயிற்சி உண்டு. ஜோக்கைச் சொன்னதும் வாயை மூடிக்கொண்டு மனசுக்குள் நான்கு வரை எண்ண வேண்டும். அந்த இடைவெளியில் ஏழு பேரின் சிரிப்பு வந்து உட்காரும். ஏழு வருடம் இது பிசகவில்லை.

பிறகு சினிமா வந்தது. தளேகாவில் பட்டறை வைத்திருந்த ஒருவர் படம் எடுக்க முன்வந்தார். ஜம்புநாதன் ஒரு வருட விடுப்புக்குக் கையெழுத்திட்டார்.

"படம் ஓடலேன்னா கவலப்படாத இருதயம். ஸ்டோர்ல உன் ஸ்டூல யாருக்கும் குடுக்க மாட்டேன்."

அன்பாகத்தான் சொன்னார். அன்றுமுதல் அந்த ஸ்டூல் இருதயராஜின் கனவில் வரத் தொடங்கியது.

2004இல் ஒரு வெள்ளிக்கிழமை படம் வெளியானது. விடுப்பு அடுத்த திங்கள் முடிகிறது. முதல் காட்சியில்தான் இருதயராஜுக்கு உறைத்தது: பழக்கதோஷத்தில் படத்திலும் நடிகர்கள் நான்கு வரை எண்ணிக்கொண்டிருந்தார்கள். சினிமாவில் யார் சிரிப்பைச் சேர்ப்பது? ஒவ்வொரு ஜோக்குக்குப் பிறகும் கதாநாயகனும் அவன் குடியிருக்கும் வீட்டின் சொந்தக்காரரும் ஒருவரையொருவர் பார்த்தபடி சும்மா நின்றார்கள். மெஷின் நின்றுவிட்டதா என்று ஒருவர் மராத்தியில் விசாரித்தார். ஞாயிறு மேட்னியைப் பார்த்துவிட்டுத்தான் படத்தை வைத்துக்கொள்வதா தூக்குவதா என்று சொல்வதாகத் தியேட்டர் மேனேஜர் தெரிவித்தார்.

ஞாயிறு மேட்னிக்கு ஜோசபின் மற்ற ஆறு பேரையும் திரட்டிக்கொண்டு வந்தார். இருதயராஜ் முன்வரிசையில் தனியாக உட்கார்ந்துகொண்டார். முதல் ஜோக் வந்தது. மௌனம். இரண்டாவது வந்தது. கதாநாயகன் எண்ணத் தொடங்கினான். இருதயராஜுக்குக் கண் நிறைந்துவிட்டது. கைக்குட்டையை எடுத்து முகத்துக்கு நேரே உயர்த்தினார்.

பின்வரிசையில் மங்கையர்க்கரசி வெடித்தார். மற்றவர்களும் சேர்ந்துகொண்டார்கள். பதறிப்போய் இருதயராஜ் கையை இறக்கினார். சிரிப்பு கத்தரித்தாற்போல் நின்றது. கதாநாயகன் அடுத்த வசனத்தை ஆரம்பிக்கவும், ஜம்புநாதன் தன்னந்தனியாகச் சிரித்து முடித்தார். அதற்குத்தான் தியேட்டர் முழுவதும் சிரித்தது. அப்புறம் இருதயராஜ் கண்ணைத் துடைத்த போதெல்லாம் ஏழு பேர் சிரித்தார்கள். அன்று அவர் நிறையவே துடைக்க வேண்டியிருந்தது. இடைவேளைக்குப் பிறகு ஜனங்கள் யாரையும் எதிர்பார்க்காமல் தாமாகவே சிரித்தார்கள். சிரிப்பதற்கு நான்கு விநாடி தாராளமாக இருந்தது.

வெளியே வந்ததும் இருதயராஜ், இப்படிச் சிரிக்க யார் சொல்லிக்கொடுத்தது என்று ஜோசபினிடம் கேட்டார்.

"நீங்க கர்ச்சீப்ப தூக்குனீங்க, நாங்க சிரிச்சோம்," என்றார் ஜோசபின். "ஏன், டேக் சரியா வரலையா?"

இருதயராஜ் ஏழு பேருக்கும் தன் கையாலேயே டீ வாங்கி வந்து கொடுத்தார்.

மேனேஜர் இன்னொரு வாரம் கொடுத்தார். திங்களன்று இருதயராஜ் ராஜினாமாக் கடிதத்தை நீட்டியபோது ஜம்புநாதன் ஒரு விநாடிகூடத் தாமதிக்காமல் கையெழுத்திட்டார். தொழிற்சாலை வரலாற்றில் அது முதல் தடவை.

இரண்டாவது வாரம் படத்துக்கு முன்னால் ஒரு ஸ்லைடு போட்டார்கள். சிரிப்பு என்று தலைப்பு, கீழே ஏழு பெயர்கள். அதையும் பார்க்க வந்த ஜம்புநாதனுக்கு ஒரு குறை.

"என் பேரு ஏம்ப்பா கடைசில?"

"நீங்க வர்றதே கடைசிலதானே சார்," என்றார் இருதயராஜ்.

இரண்டு விநாடி கழித்து ஜம்புநாதன் சிரித்தார்.