முன்பணம் என்று நம்பிய வீட்டுக்கடன்

என் அக்கா மகன் சேகரை முப்பது வருடக் கடனில் தள்ளியவன் நான்தான். நான் ஓய்வுபெற்ற வணிகவியல் ஆசிரியன். அவன் பட்டு நெசவாளி.

செவிலிமேட்டில் வீடு வாங்கும்போது, "முதலாளி குடுக்கிற முன்பணம் மாதிரிதானே மாமா? கட்டக் கட்டக் கொறைஞ்சிடும்ல?" என்று கேட்டான். அந்த முன்பணத்துக்கு வட்டி கிடையாது; சேலைக்குச் சேலை கூலியில் கழித்துக்கொள்வார்கள். கணக்குப் போட்டுப் பார்க்காமலே, "அதேதான்பா. வருஷத்தைக் கூட்டிக்கோ, தவணை கம்மியாவும்" என்றேன்.

ஆறு வருடம் கழித்து வங்கியில் விசாரித்தோம். கட்டியதில் பெரும்பகுதி வட்டிக்கே போய், அசல் கொஞ்சமே குறைந்திருந்தது.

"எழுபது வயசு வரிக்கும் தறி மிதிச்சிக்கினே இருக்கணுமா மாமா?" என்றான். 

என் சேமிப்பை அசலில் கட்டி, தவணையைக் குறைக்காமல் வருடங்களைக் குறைக்க வைத்தேன். இப்போது யார் கேட்டாலும், கடைசிவரை கட்டவேண்டிய மொத்தத்தைக் கணக்கிடாமல் வாய் திறப்பதில்லை.

ஆனால் சேகர் கேட்பதில்லை. போன மாதம் வண்டிக்கடன் வாங்கியவன், "மொத்தம் எவ்ளோ ஆவும்னு பேங்க்லயே கேட்டுட்டேன் மாமா" என்றான்.