மூணு இஞ்ச் பிரிண்டருக்கு ரெண்டு இஞ்ச் டிரைவர்

விளாங்குடி மருந்துக்கடையில் பில் போடும் நாகஜோதிக்குக் கம்ப்யூட்டர் என்றால் பயமே கிடையாது. எது மக்கர் பண்ணினாலும், "நகருங்கண்ணே, நான் பாக்குறேன்" என்று முதலாளி பெனடிக்டையே எழுப்பிவிட்டு உட்கார்ந்துவிடுவாள். துணிச்சல்காரிதான், யார் இல்லையென்றது?

அன்று காலை கடை திறந்ததும் பில் பிரிண்டர் படுத்துவிட்டது. அதை ஓட்டுகிற டிரைவர் மென்பொருளை மறுபடி ஏற்ற வேண்டும். நெட்டில் தேடினால் ஒரே பெயரில் இரண்டு வந்தன. ஒன்று ரெண்டு இஞ்ச் பேப்பருக்கு, இன்னொன்று மூணு இஞ்சுக்கு. கடையில் இருப்பது மூணு இஞ்ச். ஆட்கள் காத்து நின்ற அவசரத்தில் மேலே இருந்ததை அமுக்கினாள். சோதனைத் தாள் பளிச்சென்று வந்தது. போதாதா!

மதியம் கூட்டம் வடிந்த பிறகுதான் கடை நகல் ஒன்றை எடுத்துப் பார்த்தாள். ரெண்டு இஞ்சுக்குள் அடங்காத வரி நடுவில் முறிந்திருந்தது. சர்க்கரை மாத்திரையின் பெயரோடு "1/" மேலே நின்றுவிட, கீழ்வரியில் "2 காலை" என்று தனியாகக் கிடந்தது. அரை மாத்திரை இரண்டாகிவிட்டது. பில் கீழக்குயில்குடி முத்திருளனுடையது. எழுபதைத் தாண்டியவர், வீட்டில் தனியாள்.

பில்லில் இருந்த நம்பருக்குப் போன் போட்டாள். மணி அடித்துக்கொண்டே இருந்தது. எடுங்க பெரியப்பா, எடுங்க.

"யாரு?" குரல் குழறியது.

"மருந்துக்கடை நாகஜோதி. மாத்திரை எம்புட்டு போட்டீக?"

"ரெண்டு. நீ அரைன்னுதான் சொன்ன. ஆனா கம்ப்யூட்டர்ல ரெண்டுன்னுல வந்திருக்கு? மிஷினு பொய் சொல்லுமாத்தா? வேர்த்து ஊத்துது. கண்ணக் கட்டுது."

"அய்யய்யோ! சீனிய அள்ளி வாயில போடுங்க. போன வச்சிராதீக!"

டப்பா உருளும் சத்தம் கேட்டது. அப்புறம் ஒன்றுமே இல்லை. அவளுக்கு உயிரே போய்விட்டது. "பெரியப்பா!" என்று அலறினாள். உள்ளே மருந்து அடுக்கிக்கொண்டிருந்த பெனடிக்ட் ஓடிவந்து, விவரம் கேட்டு 108-க்கு அடித்தார்.

"கத்தாதத்தா. திங்கிறேன்ல" என்று போனில் முத்திருளன் குரல் வந்தது.

நாகஜோதி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். ஆம்புலன்ஸ் வந்து சேரும்வரை அவரைப் பேச வைத்துக்கொண்டே இருந்தாள்.

போனை வைத்ததும் பெனடிக்ட் கேட்டார். "இந்த டிரைவர்ல காலையிலருந்து எம்புட்டுப் பேருக்கும்மா பில்லு குடுத்த?"

அவள் திரையில் அடுத்த பில்லைத் திறந்தாள். அதுவும் அரை மாத்திரைதான். போன் நம்பர் போடுகிற இடம் காலியாக இருந்தது.