மஞ்சள் பாசி படர்ந்த பாறை

குன்றாண்டார்கோவில் போகும் சாலையோரப் பாறையில் ஒரு பெயிண்டர் ஆசிட் ஊற்றிக் கம்பி பிரஷால் தேய்த்துக்கொண்டிருக்கிறார். மனை விற்பனை விளம்பரம் எழுதப்போகிறாராம். இந்தப் பாறையில் படர்ந்திருக்கும் மஞ்சள் பாசியைப் பார்க்கத்தான் இலுப்பூரிலிருந்து பஸ் ஏறி வந்திருக்கிறேன். லைக்கன் என்று கல்லூரியில் நான் பாடம் நடத்தும் உயிர் அது. உள்ளங்கை அகலம் படர ஒரு மனித ஆயுளே ஆகிவிடும். பாதிப் பாறை இப்போது வெளுத்துக் கிடக்கிறது. ஆசிட் நெடியில் கண் எரிகிறது. அதைவிட வயிறு எரிகிறது.

“இது உயிருங்க. தேய்க்காதீங்க,” என்கிறேன்.

“அழுக்குதானேங்க இது. அங்கிட்டு தள்ளுங்க, மேல தெறிச்சிரும்,” என்கிறார்.

“தேய்ச்ச வரைக்கும் எழுதிக்கங்க. இனி ஒரு சொட்டு ஊத்தக் கூடாது.”

“அப்ப போன் நம்பர எங்க எழுதுறது?”

மிச்சமிருக்கும் மஞ்சளை மறைத்துக்கொண்டு அதன் முன்னால் உட்கார்கிறேன். வெயிலில் பாறை கொதிக்கிறது. எப்படியும் எழுந்து போய்விடுவேன் என்று நினைத்து, அவர் வாளியைக் கீழே வைத்துவிட்டு பீடி பற்றவைக்கிறார். நான் திரும்பிப் போகவேண்டிய பஸ் வந்து நின்று ஹாரன் அடிக்கிறது.

“ஒங்க பஸ்ஸுங்க,” என்கிறார்.

“போகட்டும்,” என்கிறேன்.