மாம்போ பாட்டு முடியும் இடம்

வளைகுடாவில் நாங்கள் வாழும் ரூவியின் சூப்பர் மார்க்கெட்டில் இன்று அந்தப் பழைய மாம்போ நடனப் பாட்டு ஒலித்ததும் தள்ளுவண்டியோடு நின்றுவிட்டேன்.

இப்போது மொபைல் கடை இருக்கும் பின்சந்தில், சூடான பிளாஸ்டிக் வாசனையும் ஏசியின் முனகலும் நிறைந்த வாப்பாவின் கேசட் கடை இருந்தது. எழுத்தறியாத வாப்பா, அழிக்கக் கூடாத கேசட்டுகளுக்கு உம்மாவின் நெயில் பாலிஷால் பொட்டு வைப்பார். லாரி ஓட்டும் முருகேசன் மாமா, ஊரிலிருந்து மனைவி பேசி அனுப்பிய கேசட் தேய்கிறதென்று பிரதி எடுக்கக் கொடுத்தார். ‘அழிக்க வேண்டாம்’ என்று பெரிதாக எழுதியிருந்தார். பொட்டு வைக்க மறந்த வாப்பா, காலி கேசட் என்று அதன்மேல் மாம்போவைப் பதிந்துவிட்டார்.

“என்ன பாய், என் பொஞ்சாதிய ஆட வச்சிட்டீங்களே” என்று சிரித்த மாமாவின் குரல் உடைந்தது. பாட்டு முடிந்த இடத்தில் மிச்சமிருந்தது ஒரு வரிதான்: “நேரத்துக்குச் சாப்பிடுங்க.” அதையே திரும்பத் திரும்பப் போட்டுக் கேட்டார்.

வாப்பா இரண்டாம் வகுப்பிலிருந்த என்னைத் தூக்கி மேசைமேல் உட்கார வைத்தார். “இனிமே நீ வாசிச்சுச் சொன்னாத்தாம்மா பதிவேன்.” எங்கள் குடும்பத்தில் முதலில் எழுத்துக் கூட்டியவள் நான், அதன்பின் அந்தக் கடையில் ஒரு குரலும் அழியவில்லை.

சூப்பர் மார்க்கெட்டில் பாட்டு முடிந்தது. முருகேசன் மாமாவின் மனைவி சாப்பிடச் சொல்வாள் என்று காத்து நின்றேன்.