சன்ஷேடுக்கு அடியில் ஒரு கோடு

காலை எட்டரைக்கு வில்லாபுரத்தில் பஸ் ஏறும்போதே தூறல். பெரியார் பஸ் ஸ்டாண்டில் இறங்கி மேலூர் பஸ்ஸைப் பிடித்தேன். ஒத்தக்கடைக்குப் பதினைந்து ரூபாய் டிக்கெட். ஊர் சுற்றிப் பார்க்கப் போகவில்லை, பஞ்சாயத்துக்குப் போனேன்.

தங்கை செல்வியின் புது வீட்டில் ஜன்னலுக்கு மேலே சுவர் ஊறுகிறது. கட்டியவர் கொத்தனார் பாண்டி, அவள் கணவரின் தம்பி. முதல் மழையிலேயே அவரை வாசலோடு நிறுத்திவிட்டாள். அடுத்த வாரம் அவர் மகளுக்குக் கல்யாணம். பத்திரிகை வைக்கக்கூட உள்ளே விடவில்லை, கல்யாணத்துக்கும் போகமாட்டாளாம். செல்வியின் கணவரோ இரண்டு பேருக்கும் நடுவே வாய் திறக்கிற ஆள் இல்லை.

எனக்குக் கட்டடம் பற்றி ஒரு இழவும் தெரியாது. அதனால் வழியெல்லாம் வீடுகளின் சன்ஷேடு விளிம்பையே பார்த்துக்கொண்டு போனேன்.

"என்னண்ணே, அம்புட்டு வீட்டையும் அண்ணாந்து பாக்குறீக, விலைக்கு வாங்கப் போறீகளா?" என்றார் கண்டக்டர்.

"தண்ணி எங்க விழுகுதுன்னு பாக்குறேன்ப்பா."

"கீழதாண்ணே விழும்!"

பஸ்ஸே சிரித்தது. சிரிக்கட்டும்.

ஒன்பதே முக்காலுக்கு ஒத்தக்கடை. யானைமலை பாதி மேகத்துக்குள் இருந்தது. டீக்கடைச் சன்ஷேடின் கீழ் ஒதுங்கி அண்ணாந்தபோதுதான் அது கண்ணில் பட்டது. விளிம்பிலிருந்து இரண்டு விரற்கடை உள்ளே, அடிப்பக்கம் நெடுகக் கோடு கிழித்தாற்போல் ஒரு சின்னப் பள்ளம், காடி. விளிம்பைச் சுற்றி அடியில் ஊர்ந்துவரும் தண்ணீர் அதைத் தாண்ட முடியாமல் அங்கேயே சொட்டியது. சுவர் காய்ந்திருந்தது. அட, இவ்வளவுதானா!

செல்வி வாசலிலேயே ஆரம்பித்தாள். "பாருண்ணே, அவன் கட்டுன லட்சணத்த!"

அவள் வீட்டுச் சன்ஷேடின் அடியில் காடியே இல்லை, வழுவழுவென்று பெயிண்ட். தண்ணீர் தடையில்லாமல் ஊர்ந்து சுவருக்குப் போய்க்கொண்டிருந்தது.

"இங்க ஒரு கோடு மாதிரிப் பள்ளம் இருந்துச்சா?"

"இருந்துச்சு, விரிசல் கணக்கா அசிங்கமா. பால் காய்ச்ச இம்புட்டுப் பேரு வாராகளேன்னு பெயிண்டர்கிட்டச் சொல்லிப் பட்டி வச்சு மூடிட்டேன்."

எனக்கு வந்த கோபத்தில் நாற்காலியைப் போட்டு ஏறினேன். ஸ்க்ரூ டிரைவரால் ஒரு முழ நீளம் சுரண்டினேன். சுரண்டிய இடத்தில் மட்டும் தண்ணீர் நின்று, சொட்டுச் சொட்டாய்த் தரையில் விழுந்தது.

செல்வி சொட்டுகிற இடத்தில் கையை நீட்டிப் பார்த்தாள். "வந்து பாக்குறேன் மதினின்னு மூணு தடவ கேட்டாப்ல. நான்தான் விடல" என்றவள் போனை எடுத்தாள்.

"தம்பி... பத்திரிகை வைக்க எப்ப வாரீக?"

 பாண்டியின் குரல் எனக்கும் கேட்டது.

"வாசல்ல நின்னு குடுத்துட்டுப் போயிரவா மதினி?"

'உள்ள வாங்க' என்று சொல்ல வாயெடுத்தாள். அழுகை முந்திக்கொண்டது.