இத்தாவில் வந்த வரிகள்

என் கணவர் மௌத்தாகி நான் வீட்டுக்குள் அடைந்து இத்தா இருந்த நான்கு மாதமும் பத்து நாளும், ஒவ்வொரு காலையிலும் அவருடைய போனுக்கு ஒரு நல்ல வாசகம் வந்தது. அனுப்பியவர் அவருடைய தம்பி, எனக்கு மச்சான். இத்தா இருக்கிற பெண் அந்நிய ஆணின் முன்னால் வரக்கூடாது. மார்க்கப்படி கணவரின் தம்பியும் அந்நியர்தான். அதனால் இரண்டு ஒழுங்கை தள்ளிக் குடியிருந்தும் அவர் வீட்டுக்குள் வரவில்லை. ரோசாப்பூவும் சூரியனும் போட்ட படங்களில் இரண்டு வரி, மூன்று வரி வரும். அப்போது என் மகளுக்குப் பதினைந்து வயது. அவள்தான் வாசித்துக் காட்டுவாள்.

யுத்தம் முடிந்து சில வருடங்கள் ஆகியிருந்தன. கண்டக்குழிக் கரையில் எங்களுக்கு ஒரு வாடி இருந்தது. கிடுகு வேய்ந்த கூரை, வலை போட ஒரு பக்கம், முன்னால் போட் ஏற்றுகிற இடம், பின்னால் நான் கருவாடு காயப்போடுகிற பரண். போட் பழசு, அது போனாலும் போகட்டும் என்றிருந்தேன். வாடி மட்டும் வேண்டும். இத்தா முடிந்ததும் இரண்டு பெண்களைச் சேர்த்துக்கொண்டு அங்கேயே மீன் கீறி உப்புப் போட்டுப் பிழைப்பது, மகளை யார் கையையும் பார்க்காமல் படிப்பிப்பது. அறைக்குள் இருந்த அத்தனை நாளும் எனக்கிருந்த யோசனை அது ஒன்றுதான்.

நான் எட்டாம் ஆண்டோடு நின்றவள். பள்ளிவாசலின் வெள்ளிக்கிழமைப் பயானை ஒலிபெருக்கியில் கேட்பேன். பாதி விளங்கும், மீதி தலைக்கு மேலால் போய்விடும். இந்தச் சின்ன வரிகள் அப்படியில்லை. காலையில் கேட்டால் அரிசி பொறுக்கும்போதும் கூட இருக்கும், அஸர் தொழுதுவிட்டு முஸல்லாவைச் சுருட்டும்போதும் இருக்கும். ஒருநாள் வந்தது இது: "கதவு அடைபட்டால் சுவரைத் திட்டாதே, உள்ளே எரிகிற விளக்கைப் பார்." நான் கதவு அடைத்த அறைக்குள் இருக்கிறவள். அன்றைக்கு முழுக்க அதையே நினைத்தேன். என் உள்ளே எரிகிறது என்னவென்று தேடினேன். பிள்ளை இருக்கிறாள், ஈமான் இருக்கிறது, இரண்டு கை இருக்கிறது என்று எண்ணிப் பார்த்து அழுதேன், பிறகு சாப்பிட்டேன். மௌத்து நடந்த பிறகு வயிறு நிறையச் சாப்பிட்டது அன்றைக்குத்தான். அந்த வரியை இன்றைக்கும் பொய்யென்று சொல்லமாட்டேன்.

மகளின் பழைய கொப்பி ஒன்றில் எல்லாவற்றையும் எழுதிவைத்தேன். பார்க்க வருகிற பெண்களுக்கும் வாசித்துக் காட்டுவேன். "மச்சான் எவ்வளவு நல்ல மனிசன்" என்று அவர்களும் சொல்வார்கள், நானும் சொல்வேன்.

மூன்றாம் மாதத்தில் ஒரு காலை, மச்சான் என் மகளின் கையில் ஒரு கடுதாசி கொடுத்தனுப்பினார். வாடியின் அனுமதி அண்ணன் பெயரில் இருக்கிறது, அப்படியே விட்டால் ரத்தாகிவிடும், அதனால் உம்மாவின் கையெழுத்து வேண்டும் என்று சொல்லிவிட்டிருந்தார். கடுதாசி சிங்களத்தில் இருந்தது. நான் மீன் விற்கிற அளவுக்குச் சிங்களம் பேசுவேன், எழுத்து ஒன்றும் தெரியாது. அடுத்த வீட்டு ராத்தா சிலாபம் பக்கத்தில் சிங்களத்தில் படித்தவள். தினமும் பின்னேரம் கஞ்சி கொண்டுவருவாள். அவளிடம் காட்டிவிட்டுக் கையெழுத்து வைப்போம் என்று கடுதாசியை அலுமாரிக்குள் வைத்தேன்.

கொஞ்ச நேரத்தில் அன்றைய வாசகம் வந்தது. சொந்த இரத்தத்தைச் சந்தேகிக்கிற வீட்டில் அல்லாஹ்வின் பரக்கத் தங்காது என்ற கருத்தில் ஒன்று. மகள் வாசித்து முடித்ததும் எனக்குக் கூச்சமாகிவிட்டது. மய்யித்தைக் குளிப்பாட்டிய கை அவருடையது, கபுறுக்குள் இறங்கியவர் அவர். அவர் தந்ததை இன்னொருத்தியிடம் காட்டிச் சரி பார்க்க நினைத்தேனே என்று பிழை பொறுக்கக் கேட்டு அஸ்தஃபிருல்லாஹ் சொன்னேன். அலுமாரியைத் திறந்து கடுதாசியை எடுத்துக் கையெழுத்து வைத்து, அந்தக் கூச்சம் ஆறுவதற்கு முன் மகளிடமே கொடுத்தனுப்பினேன்.

அந்த வரியை அவர் வேண்டுமென்றே அனுப்பினாரா, இல்லை யாரோ அனுப்பியதைப் பார்க்காமல் தள்ளிவிட்டாரா, இன்றுவரை எனக்குத் தெரியாது. கேட்கவுமில்லை.

இத்தா முடிந்து குளித்து, வெள்ளை உடுப்பை மாற்றிய மறுநாள் கரைக்குப் போனேன். வாடி இருந்த இடத்தில் புதுத் தூண்கள் நட்டு, மரப்பலகையில் தளம் அடித்துக்கொண்டிருந்தார்கள். பட்டத்தைக் கட்டிக்கொண்டு கடலில் வழுக்கி ஓடுகிற வெள்ளைக்காரர்கள் தங்குவதற்கு அறை கட்டுகிறார்களாம். என் பரணின் கம்புகள் ஒரு ஓரத்தில் விறகுபோலக் கிடந்தன. வேலை செய்த பொடியன்மார் என்னைக் கண்டு வேறு பக்கம் பார்த்தார்கள்.

நேரே மச்சானின் வீட்டுக்குப் போனேன். அவருடைய மனைவி கதிரை இழுத்துப் போட்டாள், நான் உட்காரவில்லை. அவர் முன்னறைத் திரைக்கு அந்தப் பக்கம் இருந்தார்.

"மச்சி, அந்த இடத்த சும்மா வச்சிரிந்தா நாளைக்கி வேற ஆள் புடிச்சிரிப்பான். ஒரு பொம்புளை வாடிய வச்சிக்கிட்டு என்ன செய்யப் போறீங்க? நானும் புள்ளகுட்டிக்காரன்தானே" என்றார்.

"கருவாடு போடுவன்னு உங்களுக்குத் தெரியும். உங்கட நானா, எண்ட மாப்புள, மௌத்துப் படுக்கையில உங்ககிட்டச் சொன்னாரு."

அவர் சபுர் செய்யச் சொன்னார், பொறுமையாக இருக்கட்டுமாம்.

"சபுர் நான் செய்யிறன் மச்சான். அதச் சொல்ற ஆள் நீங்க இல்ல" என்றேன். வீட்டுக்கு வந்துவிட்டேன்.

பின்னேரம் ராத்தா கேள்விப்பட்டு ஓடி வந்தாள். "ஒரு தரம் எனக்கிட்டக் காட்டியிரிக்கலாமேடி. கஞ்சி கொண்டு வாற நேரம் வரைக்கும் பொறுக்க ஏலாமப் போச்சா?" என்று தலையில் அடித்துக்கொண்டாள். பொறுமையைப் பற்றி ஒரு கொப்பி நிறைய எழுதிவைத்தவள் நான்.

பள்ளிவாசலில் முறையிட்டோம். விசாரித்தார்கள். வாடியை மச்சான் பெயருக்கு விட்டுக்கொடுக்கிறேன் என்று அந்தச் சிங்களக் கடுதாசியில் இருந்ததாம். கையெழுத்து என்னுடையது என்று நானே ஒத்துக்கொண்டேன், அல்லாஹ்வின் வீட்டில் பொய் சொல்லவா முடியும். அதோடு முடிந்தது.

அதன் பிறகு மாம்புரியில் வேறொருவரின் வாடியில் கூலிக்கு மீன் கீறப் போனேன். இப்போதும் போகிறேன். கொப்பியைக் கிழிக்க மனம் வந்தும் கை வரவில்லை, பக்கத்துக்குப் பக்கம் அல்லாஹ்வின் பெயர் இருக்கிறது. அதிலிருந்து இப்போது யாருக்கும் எதையும் வாசித்துக் காட்டுவதில்லை. மய்யித்து வீட்டுக்குப் போனால் சட்டி பானை கழுவுவேன், பிள்ளைகளுக்குச் சோறு தீற்றுவேன், வந்துவிடுவேன். நல்ல வார்த்தை சொல்ல வாய் கூசுகிறது. சொன்னால் அதன்படி நிற்கவேண்டி வரும், என்னால் முடியுமோ தெரியாது.

மகளுக்கு இப்போது தில்லையடியில் ஒரு நல்ல இடம் பேசுகிறோம். அவளுக்கு வாப்பா இல்லை, வாப்பாவின் வாப்பாவும் இல்லை, கூடப் பிறந்த ஆணும் இல்லை. நிக்காஹுக்கு வொலியாக நின்று அவளைக் கொடுக்கிற உரிமை வாப்பாவின் தம்பியான இந்தச் சாச்சாவுக்குத்தான். அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டால் பிள்ளையின் காரியம் இழுபடும். அவருக்கும் அது தெரியும்.

அவருடைய வாசகங்கள் இன்னும் வருகின்றன, வெள்ளிக்கிழமைகளில் மட்டும். போன கிழமை வந்தது மன்னிப்பைப் பற்றி. மன்னிக்கிறவர்களின் மனம் கடலைவிட அகலமாம். மகள் வாசித்துவிட்டுப் போனை மடியில் வைத்துக்கொண்டு, "என்ன உம்மா போட?" என்று கேட்டாள்.

"ஜஸாகல்லாஹ்ண்டு போடு" என்று நன்றி சொல்லச் சொன்னேன்.

"உண்மையாவா?"

"போடு புள்ள. உண்ட நிக்காஹ் முடியட்டும்."

அவள் என் முகத்தைப் பார்க்காமல் எழுத்துகளைத் தட்டினாள். பதிலுக்கு அவர் ஒரு ரோசாப்பூ அனுப்பினார்.