வாட்ச்மேன் சொன்ன இந்தோனேசியக் கதை

பிள்ளைகளே, பர்மாவில், லான்மடா பேட்டையில் நாம் குடியிருந்த கட்டிடத்தின் வாட்ச்மேன் உங்களுக்கு நினைவிருக்கும். ஒல்லியானவர். கன்னத்தில் எப்போதும் தனாக்கா மரப்பட்டைச் சாந்து பூசியிருப்பார். மாலையில் கரண்ட் போனதும் மாடிப்படியில் உட்கார்ந்து, போனில் இந்தோனேசியத் தொடர் ஒன்றைப் போட்டு, அதில் பேசுவதையெல்லாம் உங்களுக்குத் தமிழில் சொல்லுவார்.

அப்போது உங்கள் அம்மா மலேசியாவுக்கு வேலைக்குப் போயிருந்தாள். தொடரிலும் ஒரு தாய் கப்பலேறிப் போனாள். ஒருநாள் அவள் வீட்டுக்கு ஒரு கடிதம் வந்தது.

"ஊலே, அந்த அம்மா திரும்பி வருவாங்களா?" என்று சின்னவள், பர்மியர் மாமாவை அழைப்பதுபோல் அவரை அழைத்துக் கேட்டாள்.

"வராம எங்க போவா? அடுத்த மாசம் வாரேன்னு எழுதியிருக்கா பாரு."

பிறகு வேலையிடத்தில் அதே தொடரைப் திரையடியில் பர்மிய மொழிபெயர்ப்பு எழுத்தோடு பார்த்தேன். தாய் இறந்துவிட்டாள் என்றுதான் கடிதத்தில் இருந்தது.

"அண்ணே, உங்களுக்கு அந்தப் பாஷை தெரியுமா?" என்று கேட்டேன்.

"ஒரு சொல்லும் தெரியாதுப்பா. முகத்தப் பார்த்துச் சொல்றதுதான்."

"அதில எல்லாரும் அழுதாங்களே!"

"நான் பார்த்தது உன் சின்னவ முகத்த."

உங்கள் அம்மா வந்திறங்கிய அன்று அவர்தான் பெட்டியைத் தூக்கிக்கொண்டு மாடியேறினார். அவர் முகத்தில் ஆச்சரியமே இல்லை. முன்பே பார்த்துவிட்ட காட்சி போல நடந்துகொண்டார்.